ஒளிர்ந்த தொட்டிகளும் என் குழியும்

நான் உண்டாக்கியவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். சங்கு குளிக்க ஒரு படகு, முங்குகிறவனுக்குக் காற்றடிக்கும் கம்ப்ரசரோடு. கடல் என் வலது காதைக் கெடுத்த பிறகு ஓர் ஐஸ் கம்பெனி. அந்த ஐஸ் உருகுவதற்குள் மாடி வைத்த ஒரு வீடு. பிறகு தூத்துக்குடிக்குப் பக்கம் முத்தையாபுரத்தைத் தாண்டித் தெற்கே, உப்பளம் முடிந்து வெறும் மணலும் உடைமரமும் தொடங்குகிற இடத்தில், இங்கே எவன் வருவான் என்று பேங்க்காரர் சிரித்த இடத்தில், இறால் குஞ்சு பொரிக்கும் ஹேச்சரி. கடலுக்குள் தண்ணீர் எடுக்கப் பதித்த குழாயை அலை பிடுங்கிப் பிடுங்கிப் போட்டது. நானும் பதித்துக்கொண்டே இருந்தேன், கடைசியில் அலைக்குத்தான் சலித்தது. இஞ்சினியர் யாரும் வரவில்லை. படம் எதுவும் போடவில்லை. காலால் மணலில் கோடு கிழித்து இங்கே தொட்டி, இங்கே மோட்டார் என்றேன், கொத்தனார் கட்டினார். பள்ளிக்கூடம் ஐந்தாம் வகுப்போடு சரி. ஆங்கிலத்தில் என் கையெழுத்து மட்டும் போடுவேன், அது நன்றாகவே இருக்கும்.

கடைசியாக ஒரு குழி. மேலே சொன்னதெல்லாம் ஊருக்குத் தெரியும். இந்தக் குழி யாருக்கும் தெரியாது. ஆனால் நான் உண்டாக்கியதிலேயே பெரியது அதுதான் என்று இப்போது நினைக்கிறேன்.

ஹேச்சரிக்குப் பின்னால், காற்று எங்களை விட்டு விலகி அடிக்கிற பக்கமாகப் பார்த்து அதைத் தோண்டச் சொன்னேன். ஒரு தொட்டியில் குஞ்சுகள் செத்துப்போனால் அந்தத் தண்ணீருக்கு குளோரின் போட்டு வெளியேற்ற வேண்டும் என்பது விதி. நான் அப்படிச் செய்யவில்லை. செத்த தொட்டியின் தண்ணீரையெல்லாம் அந்தக் குழியில் விட்டேன். அடியில் சேறு படிந்தது. மேலே ஒரு பாசிப்படலம் வந்து, சாயங்கால வெயிலில் புறாக் கழுத்துபோலப் பல நிறம் காட்டியது. நாறியது, இல்லை என்று சொல்லமாட்டேன்.

ஏன் அப்படிச் செய்தேன் என்றால், எங்கள் அப்பா முத்துக் குளித்தவர். முத்துச் சிப்பியை உயிரோடு பிளந்து முத்து எடுப்பதில்லை. குவித்துப் போட்டு அழுகவிடுவார்கள். ஈ மொய்த்து, புழு தின்று, சதை எல்லாம் குழம்பாக ஆன பிறகு, மரத்தைக் குடைந்த தோணியில் கொட்டி, கடல் தண்ணீர் ஊற்றி அலசுவார்கள். மேல் தண்ணீரை மெதுவாகச் சாய்த்து விடலாம். அடித் தண்ணீரை மட்டும் யாரும் கொட்டக் கூடாது. கடுகைவிடச் சிறிய முத்து அங்கேதான் கிடக்கும். கடைசி முத்துக் குளிப்பு நடந்தபோது நான் சின்னப் பிள்ளை. அந்த நாற்றமும், அதற்குள் குனிந்திருந்த ஆட்களின் முகத்தில் இருந்த பொறுமையும் எனக்கு இன்னும் மூக்கிலும் கண்ணிலும் இருக்கின்றன. அழுகிய தண்ணீரை ஒரே வீச்சில் கொட்ட என் கை வராது, அவ்வளவுதான்.

என் ஹேச்சரியில் குஞ்சுகளைப் பார்த்துக்கொள்ளும் டெக்னீசியன் முத்தையாபுரத்துக்காரன், நாற்பது வயதைத் தாண்டியவன், என்னோடு சண்டை போடுவதற்காகவே தினமும் பஸ் ஏறி வருகிறவன். அவனுக்கு அந்தக் குழி ஆகவே ஆகாது.

"அண்ணாச்சி, நோய வீட்டுக்குப் பின்னால கட்டிப்போட்டு வளக்கியளே."

"ஒனக்குத் தெரியாதுலே. கெடக்கட்டும்."

"எனக்குத் தெரியாது. ஒங்களுக்கு என்ன தெரியும், அதச் சொல்லுங்க."

அதற்கும் கெடக்கட்டும் என்பேன்.

தொட்டிகளில் அந்த வெளிச்சம் முதன்முதலில் வந்தது, மேற்கிலிருந்து கச்சான் காற்று அடிக்கிற ஒரு காலத்தில். கடல் கலங்கி, உப்பளத்தின் வெள்ளை கண்ணைக் குத்துகிற நண்பகல். குஞ்சுகளுக்கு வெயில் ஆகாது என்று தொட்டிகளின் மேல் கறுப்புத் தார்ப்பாய் போட்டிருக்கும். டெக்னீசியன் வந்து என் சட்டையைப் பிடித்து இழுத்தான்.

"தார்ப்பாய்க்குள்ள தலைய விடுங்க. கொஞ்ச நேரம் கண்ண மூடிக்கிட்டு, பெறவு தெறங்க."

"என்னலே, கண்ணாமூச்சியா?"

"தெறந்து பாருங்க."

திறந்தேன். பட்டப்பகலில், அந்தத் தார்ப்பாய்க்கு அடியில் மட்டும் ஓர் இரவு இருந்தது. அந்த இரவு முழுவதும் நட்சத்திரம். பச்சையும் நீலமும் கலந்த ஒரு வெளிச்சம், ஊசிமுனை ஊசிமுனையாக. ஒவ்வொரு குஞ்சும் தன் உடம்புக்குள் ஒரு விளக்கை ஏற்றிக்கொண்டு மெல்ல, மிக மெல்ல, அடிக்கு இறங்கிக்கொண்டிருந்தது. காற்றுக்குழாயின் குமிழி ஏறும்போது அந்த விளக்குகள் சுழன்று எழுந்து மறுபடி விழுந்தன. சத்தமே இல்லை. சங்கு குளித்த காலத்தில் எவ்வளவோ ஆழத்தில் எவ்வளவோ பார்த்திருக்கிறேன். இப்படி ஒன்றைப் பார்த்ததில்லை. என் மூச்சு தண்ணீரில் பட்டு அந்த வெளிச்சம் அசைந்ததாகவே எனக்குத் தோன்றியது.

"என்னலே இது, இவ்வளவு அழகா இருக்கு."

"அழகாத்தான் இருக்கும். நாளைக்கு ஒண்ணுகூட இருக்காது."

அவன் சொன்னபடியே ஆயிற்று. அது ஒரு பாக்டீரியா, குஞ்சைக் கொன்று தின்றுகொண்டே ஒளிரும் என்றான். தண்ணீரைக் குழிக்கு விட்டுவிட்டு, காலித் தொட்டியைத் தேய்த்துக் கழுவினோம், குளோரின் போட்டோம், வெயிலில் காயவிட்டோம். புதிய தாய் இறால், புதிய முட்டை, புதிய குஞ்சு. மறுபடி வெளிச்சம். ஆன்டிபயாடிக் போடக் கூடாது. இறாலில் அது மிச்சம் இருந்தால் வெளிநாட்டுக்காரன் கப்பலோடு திருப்பி அனுப்பிவிடுவான், குஞ்சு வாங்குகிற பண்ணைக்காரர்களும் அதற்குப் பிறகு என் வாசலை மிதிக்கமாட்டார்கள். ஒரு பருவம் போனது. அடுத்ததும் போனது.

துபாயிலிருந்து என் மகன் போன் பேசினான். எங்கள் இடத்தை ஒட்டிக் கண்டெய்னர் அடுக்குவதற்கு ஒரு கம்பெனி நிலம் வாங்கிக்கொண்டிருந்தது. என் இடத்தையும் கேட்டார்கள்.

"குடுத்துட்டு வீட்டுல ஒக்காருங்கப்பா. ஒழச்சது போதும்."

"ஒக்காந்து?"

"டீவி பாருங்க."

என் மனைவி போனைப் பக்கத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். அவள் மாதா படத்துக்கு எண்ணெய் விட்டபடி, என் பக்கம் திரும்பாமலே பேசினாள். "அடுத்த தடவையும் குஞ்சு செத்துச்சின்னா கையெழுத்துப் போட்டுருங்க. மாதா முன்னால நிக்கியோ, சரின்னு சொல்லுங்க."

"சரி" என்றேன். என் வாழ்க்கையில் அதுவரை யாருக்கும் அப்படிச் சரி சொன்னதில்லை. ஆகவே இனி ஒரே ஒரு தடவைதான். அந்தக் குஞ்சு பிழைத்தால் ஹேச்சரி என்னுடையது. செத்தால் அந்த மணலில் இரும்புப் பெட்டிகள் நிற்கும்.

அந்தச் சமயத்தில்தான் அந்தப் பெண் வந்தாள். விளாத்திகுளத்துப் பக்கம், மழையை நம்பி மிளகாயும் பருத்தியும் போடுகிற வீட்டுப் பிள்ளை. மீன்வளம் படித்து, இப்போது டாக்டர் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தாள். படிக்க வந்த பிறகுதான் கடலையே நின்று பார்த்தாளாம். குஞ்சு செத்த ஹேச்சரிகளைத் தேடித் தேடி அவள் போய்க்கொண்டிருப்பதாக டெக்னீசியன் எரிச்சலோடு சொன்னான். சாவு வீடு தேடி வருகிற பந்தல்காரர் மாதிரி என்றான்.

அவள் தொட்டிகளைச் சுற்றிப் பார்த்துவிட்டு என்னிடம் வந்தாள்.

"தாத்தா, செத்த தொட்டித் தண்ணி எங்க போவுது?"

"தாத்தாவா? எம்மா, நான் முங்கி மூச்சடக்குனா, எந்திரிக்கதுக்குள்ள நீ பஸ் புடிச்சு ஒங்க ஊருக்கே போயிரலாம். அண்ணாச்சின்னு கூப்பிடு."

"சரி அண்ணாச்சி. தண்ணி எங்க போவுது?"

அவளுக்குப் பின்னால் நின்று டெக்னீசியன் கையை ஆட்டினான், காட்டாதீர்கள் என்று. வந்தவள் புகார் எழுதிக்கொடுத்தால் என்ன ஆவது என்பது அவன் பயம். எனக்கு என்னுடையதை மறைத்துப் பழக்கமில்லை. கூட்டிக்கொண்டு போனேன். அவள் குழியோரம் குந்தி உட்கார்ந்து, மூக்கைப் பொத்தாமல், கிணற்றுக்குள் முகம் பார்ப்பதுபோல அந்தப் பலநிறப் படலத்தைக் குனிந்து பார்த்தாள்.

"நல்ல நாத்தம் அண்ணாச்சி."

"மல்லியப்பூவுல்லா" என்றான் டெக்னீசியன். "பறிச்சுக் கட்டித் தரட்டா?"

அவள் சிரித்துவிட்டுச் சொன்னாள். மனிதனுக்கு வைரஸ் காய்ச்சல் வருகிற மாதிரி பாக்டீரியாவுக்கும் வரும் என்றாள். பாக்டீரியாவை மட்டுமே பிடிக்கிற வைரஸ்கள் உண்டு, ஃபேஜ் என்று பெயர். கடல் தண்ணீரை ஒரு சொட்டு எடுத்தால் அதற்குள் எண்ணமுடியாத அளவு இருக்கும், நாம் குளிக்கிறோம், விழுங்குகிறோம், அது நம்மைத் திரும்பிக்கூடப் பார்க்காது.

வைரஸ் என்ற சொல்லைக் கேட்டதும் சோற்றுப் பாத்திரத்தோடு வந்துகொண்டிருந்த என் மனைவி சேலை முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். ஊரடங்கு காலத்தை அவள் இன்னும் மறக்கவில்லை.

"பயப்படாதிய அம்மா. நம்மள ஒண்ணும் செய்யாது. குஞ்சயும் ஒண்ணும் செய்யாது. ஒவ்வொரு பாக்டீரியாவுக்கும் ஒவ்வொரு எமன். இவன் வீட்டுக்கு வந்த எமன் பக்கத்து வீட்டுக் கதவத் தட்டமாட்டான்."

"எங்க வீட்டுக்கு வந்தவனுக்கு எமன் எங்க இருக்கான்?" என்று கேட்டேன்.

"எங்க அவன் கூட்டமாச் செத்துக் கெடக்கானோ அங்கதான் இருப்பான். மத்த ஹேச்சரியெல்லாம் குளோரின் போட்டு ரெண்டு பேரையும் சேத்துக் கொன்னுட்டாவோ. நான் இப்படி ஒரு குழியத்தான் தேடிக்கிட்டு வந்தேன்."

நான் டெக்னீசியனைப் பார்த்தேன். அவன் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

அவள் அடிச் சேற்றுத் தண்ணீரைக் கேட்டாள். மேல் தண்ணீர் இல்லை, அடித் தண்ணீர். ஒற்றை மரத்தோணிக்குள் குனிந்திருந்த அந்த முகங்கள் ஞாபகம் வந்தன. கரண்டியை அவள் கையில் கொடுக்காமல் நானே இறங்கி, கலக்காமல் அள்ளிக் கொடுத்தேன். அதை அவள் எங்கள் ஆபீஸ் அறையிலேயே வடிகட்டினாள். பாக்டீரியா நுழைய முடியாத அளவு நுண்ணிய வடிகட்டி. ஃபேஜ் அதில் சுலபமாக இறங்கிவிடும். கீழே வந்தது தெளிந்த தண்ணீர். இளநீர் மாதிரி இருந்தது. அதற்குள் என்ன இருக்கிறது என்று யாராலும் சொல்ல முடியாது. நான் அந்தக் குப்பியை வெயிலுக்கு நேராகத் தூக்கிப் பிடித்துப் பார்த்தபடி வெகுநேரம் நின்றேன்.

பிறகு வந்த நாட்களை நினைத்தால் எனக்கு விழித்திருந்த நாட்களாகவே தோன்றுவதில்லை. தாய் இறால்கள் முட்டைக்குக் காத்திருந்தன, நான் அந்தப் பெண்ணுக்குக் காத்திருந்தேன். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு மோட்டார் சத்தத்தில் கண் அயர்ந்தால் அவள் சொன்னதெல்லாம் படமாக வரும். ஃபேஜுக்கு ஒரு தலை, ஒரு வால், வாலின் நுனியில் சிலந்திக்கால்கள் இருக்குமாம். தலைக்குள் ஒன்றும் இல்லை, சுருட்டி வைத்த ஒரு நூல் மட்டும். அந்த நூல்தான் அதன் சாதகம், சமையல் குறிப்பு, உயில் எல்லாம். அது நீந்தாது. மிதந்துகொண்டே இருக்கும். தனக்குரிய பாக்டீரியாவின் தோலில் தற்செயலாக மோதினால் மட்டும் காலை ஊன்றி, நூலை உள்ளே செலுத்திவிடும். பாக்டீரியாவுக்குத் தன் வேலை மறந்துபோகும். வந்தவன் நூலில் உள்ளதைப் படித்து, வந்தவனையே மறுபடி மறுபடி செய்து அடுக்கும். இடமில்லாமல் ஆனதும் தோல் வெடிக்கும். அத்தனை பேரும் வெளியே மிதப்பார்கள். என் கனவில் நானே அந்த நூல்; கப்பல்கள் நிற்கிற துறைமுகத்துக்கு வெளியே, இரவும் இல்லாத பகலும் இல்லாத தண்ணீரில், எதிலாவது மோதுவதற்காக மிதந்துகொண்டிருப்பேன். கண் விழித்தால் நெற்றியில் உப்பு வியர்த்திருக்கும்.

அவள் ஒரு கண்ணாடித் தட்டைக் கொண்டுவந்தாள். உறைந்த ஜெல்லியின் மேல் என் தொட்டியின் பாக்டீரியாவைப் பரப்பி, என் குழியின் தண்ணீரைத் தெளித்து வளர்த்தது. ஃபேஜ் விழுந்த இடத்தில் சுற்றியிருக்கும் பாக்டீரியா செத்துச் செத்து ஒரு வட்டம் விழும் என்றாள். தார்ப்பாய்க்குள் புகுந்து பார்த்தோம். தட்டு முழுவதும் அந்தப் பச்சை நீல வெளிச்சம், ஒரு சின்ன நிலா மாதிரி. அதில் அங்கங்கே வட்டங்கள் இருந்தன. ஆனால் வட்டத்துக்குள்ளும் மங்கலாக ஒளிர்ந்தது.

"பிடிச்சாச்சு" என்றேன் நான்.

"இல்ல அண்ணாச்சி. இது வேண்டாம்."

"என்னத்துக்கு வேண்டாம்? வட்டம் விழுந்திருக்குல்லா."

"வட்டம் கலங்கலா இருக்கு. உள்ள நெறைய பேரு சாவல."

ஃபேஜில் இரண்டு குணம் உண்டாம். ஒன்று வந்ததும் வெடிக்கும். இன்னொன்று, வந்த வீட்டிலேயே குடியேறிவிடும். தன் நூலைப் பாக்டீரியாவின் நூலோடு முடிச்சுப் போட்டுக்கொண்டு பேசாமல் கிடக்கும். பாக்டீரியா பிள்ளை பெற்றால் பிள்ளைக்குள்ளும் இருக்கும். குடியிருக்க வந்தவன் சும்மா இருக்கமாட்டான், சில நேரம் விஷம் தயாரிக்கிற குறிப்பையும் கூடவே கொண்டுவந்து வீட்டுக்காரனுக்குக் கொடுத்துவிடுவான். இந்த ஒளிர்கிற இனத்திலேயே அப்படி நடந்ததுண்டு என்றாள். சாதுவாக இருந்த பாக்டீரியா அதற்குப் பிறகு இறாலைக் கொல்லத் தொடங்கும்.

"அப்போ இதத் தொட்டில ஊத்துனா?"

"நோய்க்குக் கத்தி வாங்கிக் குடுத்த மாதிரி."

எனக்குக் கோபம் வந்தது. தாய் இறால்கள் முட்டையிடும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. கம்பெனிக்காரன் வேறு போன் பண்ணிக்கொண்டிருந்தான். கையில் மருந்தை வைத்துக்கொண்டு இது வேண்டாம் என்கிறாளே, இவளுக்கென்ன, விளாத்திகுளத்தில் மிளகாய் காய்க்கும், எனக்கு இந்தத் தொட்டியை விட்டால் என்ன இருக்கிறது என்று கத்தினேன்.

"எங்க வீட்டுலயும் மழைக்கு முன்னால வெதைக்கச் சொல்லி எங்கப்பா கத்துவாவோ அண்ணாச்சி" என்றாள். "வேற தண்ணி குடுங்க. இன்னும் அடியில இருந்து."

குழியின் அடியில், முதல் பருவத்தில் செத்த தொட்டியின் சேறு இருந்தது. மற்றவர்கள் என்றால் அது எப்போதோ கடலுக்குப் போயிருக்கும். நான் இடுப்பளவு இறங்கி, காலால் துழாவி, கறுப்பான, கொழகொழப்பான அதை அள்ளினேன். டெக்னீசியன் கரையில் நின்றுகொண்டு, "முத்து கெடச்சா எனக்கும் ஒண்ணு" என்றான். இறங்குகிற அவசரத்தில் அவன் என் இடுப்பில் ஒரு கயிற்றைக் கட்டியதை நான் பொருட்படுத்தவில்லை; அதன் மறுமுனையை அவன் கையில் பிடித்துக்கொண்டிருப்பதை அப்போதுதான் கவனித்தேன். சங்கு குளிக்கிறவனுக்குக் கயிறு பிடிக்கிற ஆள் எப்படி நிற்பானோ அப்படி நின்றான்.

அடுத்த தட்டு வந்தபோது என் மனைவியும் பார்க்கணும் என்று சொல்லித் தார்ப்பாய்க்குள் வந்தாள். நாலு பேரும் தலையை முட்டிக்கொண்டு கண்ணை மூடிக் காத்திருந்தோம். வெளியே நண்பகல், அனல், லாரிகளின் ஹாரன். திறந்தோம். அதே நிலா. ஆனால் அதன்மேல் கரிப்பொட்டு வைத்தாற்போலக் கறுப்பு வட்டங்கள். மங்கல் இல்லை, கலங்கல் இல்லை. இருட்டை எடுத்து அங்கங்கே பதித்தமாதிரி. முத்து வெளிச்சமானது, இருட்டிலிருந்து எடுப்பது. இதுவோ வெளிச்சத்துக்குள் கிடந்த கறுப்பு முத்து. என் மனைவிதான் மெதுவாக, "சேசுவே" என்றாள்.

அந்த ஃபேஜின் நூலை அந்தப் பெண் வெளியூருக்கு அனுப்பி எழுத்தெழுத்தாகப் படித்து வாங்கினாள். நாலே எழுத்துதானாம், அதையே மாற்றி மாற்றி எழுதியிருக்குமாம். நான் படித்த ஐந்தாம் வகுப்புக்கே அது சுலபம் என்று சொன்னேன். குடியேறுகிற குறிப்பு அதில் இல்லை, விஷக் குறிப்பும் இல்லை. ஒன்று போதாது என்று, அதே சேற்றிலிருந்து வேறு இரண்டையும் பிரித்துச் சேர்த்துக்கொண்டாள். பாக்டீரியா முட்டாள் இல்லை; ஒருவன் வந்து போனால் அவன் நூலில் ஒரு துண்டை வெட்டித் தன்னிடம் பத்திரப்படுத்தி வைத்துக்கொள்கிற இனங்கள் உண்டாம், அடுத்த தடவை அவன் வந்தால் அடையாளம் கண்டு நறுக்கிவிட. அந்த நறுக்கும் தந்திரத்தைத்தான் இப்போது மனிதன் எடுத்துக்கொண்டு பயிரிலும் நோயாளியிலும் மரபணுவை வெட்டி ஒட்டுகிறான் என்றாள். கண்ணுக்குத் தெரியாத அந்த உயிர், தன்னைக் கொல்ல வந்தவனின் நகத்துண்டை வைத்துக்கொண்டு காலம் காலமாகக் காத்திருப்பதை நினைத்தபடி அன்றைக்கு வெகுநேரம் கடற்கரையில் நடந்தேன். துறைமுகத்துக் கிரேன்கள் பனிமூட்டத்தில் தலை மட்டும் தெரிய நின்றன.

குஞ்சு பொரித்தது. ஸோயா என்று சொல்லும், குஞ்சு முதன்முதலாகத் தின்னத் தொடங்குகிற பருவத்துக்கு வந்ததும் வெளிச்சமும் வந்தது, சொல்லி வைத்த மாதிரி. அந்த பாக்டீரியா தனியாக இருக்கும்போது ஒளிராதாம். கூட்டம் சேர்ந்தது என்று ஒன்றுக்கொன்று தெரிந்த பிறகுதான் எல்லாம் சேர்ந்து விளக்கைப் போடும். ஆகவே வெளிச்சம் தெரிகிறது என்றாலே நேரம் குறைவு. அந்தப் பெண் குப்பியை என் கையில் கொடுத்தாள்.

"நீங்களே ஊத்துங்க அண்ணாச்சி."

தொட்டியைச் சுற்றி நடந்து ஊற்றினேன். தண்ணீரில் தண்ணீர் கலந்தது, வேறொன்றும் இல்லை. மணம் இல்லை, நிறம் இல்லை. பிறகு தார்ப்பாய்க்குள் தலையை விட்டுக்கொண்டு நின்றேன். வெளிச்சத்துக்காகத்தான் எல்லோரும் வேண்டிக்கொள்வார்கள்; நான் இருட்டுக்கு வேண்டிக்கொண்டேன். டெக்னீசியன் காற்றுக்குழாயைச் சரிபார்ப்பதுபோல வந்து வந்து போனான். வெயில் சாயும் நேரம் நட்சத்திரங்கள் மங்கின மாதிரி இருந்தது. என் கண்தான் மங்குகிறதோ என்று சந்தேகம். மறுநாள் நண்பகலில் கண்ணை மூடித் திறந்தபோது, திறந்தேனா இல்லையா என்றே தெரியவில்லை. அவ்வளவு இருட்டு.

"அணைஞ்சுட்டு" என்று கத்தினேன்.

"வெளிச்சம் போனா மட்டும் போதாது, பாக்டீரியா வெளிச்சத்த அணைச்சுட்டு ஒளிஞ்சும் இருக்கலாம்" என்று அவள் தண்ணீரை எடுத்துக்கொண்டு போய் மறுபடி தட்டில் வளர்த்துப் பார்த்தாள். அதற்குள் டெக்னீசியன் ஒரு கண்ணாடி டம்ளரில் தண்ணீரை மொண்டு ஜன்னலுக்கு நேரே பிடித்தான். தூசிபோல ஆயிரமாயிரம் குஞ்சுகள் துள்ளித் துள்ளி வெளிச்சத்தின் பக்கம் ஏறின. அவற்றுக்குள் விளக்கு இல்லை. வெறும் உயிர் மட்டும். அந்த முரட்டு மனிதன் டம்ளரை இறக்கி வைக்காமலே கைலி நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

அவள் தட்டிலும் அந்தப் பாக்டீரியா முளைக்கவில்லை. எல்லாம் பிழைத்தது என்று சொல்லமாட்டேன். ஒரு பங்கு போயிற்று. பாதிக்கு மேல் பிழைத்தது, பண்ணைக்காரர்கள் வந்து ஏற்றிக்கொண்டு போனார்கள். என் மனைவி மகனுக்குப் போன் போட்டு, "அப்பா கையெழுத்துப் போடல" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டாள்.

கதை இங்கே முடிந்திருந்தால் நான் இதை எழுத உட்கார்ந்திருக்கமாட்டேன்.

அந்தப் பெண் ஒரு நாள் வந்து என்னைக் குழிக்குக் கூட்டிக்கொண்டு போனாள். மழை பெய்து ஓய்ந்திருந்தது. குழி நிறைந்து மேகம் மிதந்தது.

"அண்ணாச்சி, ஒண்ணு சொன்னா கோவப்படக் கூடாது."

"சொல்லு."

"இதுல உள்ள பாக்டீரியாவும் தொட்டில வந்த பாக்டீரியாவும் ஒரே வம்சம். மரபணு ரெண்டையும் ஒத்துப் பாத்துட்டேன். ஒவ்வொரு தடவையும் நோய் இங்கன இருந்துதான் தொட்டிக்கு வந்திருக்கு. மணலுக்குள்ள ஊறி, தொட்டி கழுவ நீங்க தண்ணி எடுக்கிற கெணத்துக்குப் போவுது."

டெக்னீசியன் பக்கத்தில்தான் நின்றான். நான் சொன்னேன்ல என்று அவன் சொல்வான் என்று எதிர்பார்த்தேன். சொல்லவில்லை. குனிந்து ஒரு கல்லை எடுத்துக் குழிக்குள் போட்டான். மேகம் உடைந்து பிறகு சேர்ந்தது.

"அப்போ மருந்து?" என்றேன்.

"அதுவும் இங்கன இருந்துதான். ரெண்டும் இங்கனதான் வளந்துச்சு. மருந்து இப்போ எங்க லேப்ல ஃப்ரிட்ஜில இருக்கு, இனி குழி வேண்டாம். நீங்க இத மூடுனாத்தான் ஹேச்சரி நெலைக்கும்."

வீட்டுக்குப் போய்ப் படுத்தேன், சாப்பிடவில்லை. காலையில் லாரியில் மணல் வந்தது. நானேதான் சொல்லியிருந்தேன். முதல் கூடையை நானே கொட்டினேன். அந்தப் பலநிறப் படலம் ஒரு பக்கமாக ஒதுங்கி, ஒதுங்கி, ஒரு கைக்குட்டை அளவாகி, மணலுக்குள் போயிற்று. இப்போது அந்த இடத்தில் டெக்னீசியன் தன் பைக்கை நிறுத்துகிறான். பார்க்கிறவர்களுக்கு அங்கே ஒன்றும் இருந்ததாகத் தெரியாது.

போன மாதம் அவள் ஆராய்ச்சிக் கட்டுரையின் பிரதியைக் கொண்டுவந்து, எனக்காகத் தமிழில் சொல்லிக்காட்டினாள். ஃபேஜுக்கு ஏதோ எழுத்தும் எண்ணுமாக ஒரு பெயர். எங்கிருந்து கிடைத்தது என்று சொல்கிற இடத்தில், தூத்துக்குடிக் கடற்கரையில் உள்ள ஒரு ஹேச்சரியின் கழிவுநீர் என்று இருந்தது.

"கழிவுநீரா?"

"அப்படித்தான் எழுதணும் அண்ணாச்சி. எல்லாரும் அப்படித்தான் எழுதுவாவோ. எனக்கு மேல உள்ள பேராசிரியருங்க ஒத்துக்கணும்லா."

அவள்மீது எனக்கு வருத்தம் இல்லை. அவள் இல்லையென்றால் நான் கலங்கல் வட்டத்தைத் தொட்டியில் ஊற்றி என் கையாலேயே எல்லாவற்றையும் கொன்றிருப்பேன். கட்டுரை இன்னும் அச்சாகவில்லையாம், திருத்தலாமாம். ஆகவே அவளுக்கு மேலே இருக்கிறவர்களுக்கு இதை எழுதுகிறேன். இந்தப் பக்கங்களில் நான் யார் பெயரையும் எழுதவில்லை, என் பெயரையும் எழுதவில்லை. அதை எழுத வேண்டியது நீங்கள். கழிவு என்பது வேண்டாம் என்று வெளியே விட்டது. நான் விடவில்லை. எல்லோரும் கொட்டச் சொன்ன தண்ணீரை வைத்திருந்தேன், இடுப்பளவு இறங்கி அடியிலிருந்து அள்ளிக் கொடுத்தேன், பிறகு நானே மூடினேன். குழியைப் போய்ப் பார்க்க இனி யாராலும் முடியாது, உங்கள் கட்டுரையில் இருந்தால்தான் அது இருந்தது. நோய் அங்கிருந்துதான் வந்தது என்பதையும் மறைக்க வேண்டாம், அதையும் என் பெயரிலேயே போடுங்கள். மருந்தும் அங்கிருந்துதான் வந்தது என்பதை அதற்கு அடுத்த வரியில் போடுங்கள். என் பெயரின் எழுத்துகள் சரியாக இருக்கின்றனவா என்று அச்சுக்கு முன்னால் எனக்கு ஒரு தடவை காட்டுங்கள். அதைப் படிக்க எனக்குத் தெரியும்.